தேவாலயக் கூரையில் ஒரு போர்க்கப்பல்

இதை எழுத எனக்கு என்ன தகுதி என்று கேட்டால், ஒன்றும் இல்லை. ஊரில் ஓ.எல். பரீட்சை வரை படித்தேன். டென்மார்க் வந்து மொழி வகுப்புக்குப் போனேன், பிறகு தைப்புத் தொழிற்சாலைக்குப் போனேன், அவ்வளவுதான். நாலு பேர் கூடி நின்றால் பின்னுக்கு நின்று கேட்கிற பழக்கம் எனக்கு. அப்படிப்பட்டவள் ஒரு பழைய ஜெர்மன் போர்க்கப்பலைப் பற்றி எழுத வந்தது அதிகப்பிரசங்கித்தனமாகத்தான் தெரியும். வாசிக்கிறவர்கள் பொறுத்துக்கொள்ள வேண்டும். என் மனுசன் நல்லாய்க் கதைப்பார், ஆனால் எழுத உட்காரமாட்டார். மகளுக்குத் தமிழ் வாசிக்க வரும், எழுத வராது. மிச்சம் இருக்கிறது நான்தான்.

நாங்கள் இக்காஸ்ட் என்ற ஊரில் இருக்கிறோம். ஊரைத் தாண்டிக் கொஞ்சத் தூரம் காரில் போனால், வயல்களுக்கு நடுவில் சுண்ணாம்பு பூசிய ஒரு சின்னத் தேவாலயம். ஞாயிறு காலையில் அது டெனிஷ்காரருக்கு. மத்தியானம் எங்கள் தமிழ்ச் சபைக்கு. அதற்கு முன்னம் நாங்கள் ஒரு பள்ளிக்கூட விளையாட்டு மண்டபத்தில்தான் ஆராதனை நடத்தினோம். கூடைப்பந்து வளையத்துக்குக் கீழே நின்று ஜெபிக்க வேண்டும். சப்பாத்து நாற்றம். ஒருமுறை திருவிருந்து நேரத்தில் பட்மின்ரன் விளையாட ஆட்கள் மட்டையோடு வந்து கதவடியில் காத்து நின்றார்கள். ஆகவே இந்தத் தேவாலயம் கிடைத்தபோது எங்களுக்கு அது சும்மா ஒரு கட்டிடமாகத் தெரியவில்லை. எங்கள் பிள்ளைகள் ஞானஸ்நானம் பெற்றதும், இரண்டு பேரை நாங்கள் பெட்டியில் வைத்து அழுததும் அங்கேதான்.

இந்த நாட்டுத் தேவாலயங்களில் கூரையிலிருந்து ஒரு கப்பல் தொங்கும். கையால் செய்த சின்னக் கப்பல். கடலில் போய் உயிரோடு திரும்பி வந்தவர்கள் நன்றிக்குச் செய்து கொடுப்பார்கள். முன்பக்கம் பலிபீடத்தைப் பார்த்தபடி இருக்கும். அநேகமாகப் பாய்மரக் கப்பல்தான். வெள்ளைப் பாயோடு பார்க்க வடிவாயிருக்கும்.

எங்களுக்கு வாய்த்தது அப்படியில்லை. சாம்பல் நிறம். ஒரு ஆள் கையை விரித்த நீளம் இருக்கும். இரண்டு புகைபோக்கி, இரண்டு கம்பம், முன்னுக்கும் நடுவிலும் பின்னுக்கும் சோடி சோடியாகப் பீரங்கி. பின்பக்கத்துக் குச்சியில் தூசி பிடித்த ஒரு சிவப்புத் துணி. கொடி என்று சொன்னால்தான் கொடி.

சபைப் பொடியளுக்கு அதில் நல்ல விருப்பம். பிரசங்கம் நீண்டால் அண்ணாந்து பார்த்துப் பீரங்கிகளை எண்ணுவார்கள். என் வயதுக்காரருக்கு அது வேறு மாதிரி. ஊரில் சண்டைக் காலத்தில், சாம்பல் நிறத்தில் தூரக் கடலில் நிற்கிற கப்பலை நாங்கள் கரையிலிருந்து எப்படிப் பார்த்தோம் என்று இங்கே விவரிக்க வரவில்லை. முதல் வருடம் முழுக்க நான் அதற்குக் கீழே இருக்கவேயில்லை, சுவரோரம் இருந்தேன். ஒருவரும் ஏன் என்று கேட்கவில்லை. சுவரோரம் என்னைப்போல இன்னும் சிலபேர் இருந்தார்கள். பிறகு பழகிவிட்டது. ஒரு பொருள் தலைக்கு மேல் தொங்கியபடியே ஒன்றும் செய்யாமல் இருந்தால், மனுசருக்கு அது பழகிப்போகும்.

நடந்த பிழைக்கு வருகிறேன். நத்தார், கிறிஸ்து பிறந்த நாள் வந்தால் எங்கள் ஆட்களுக்குக் கோவில் வெறுமையாக இருக்கக்கூடாது. கலர் ரிசுப் பேப்பரை வெட்டி, நூலில் ஒட்டி, சுவருக்குச் சுவர் தோரணம் இழுக்க வேண்டும். நடுவில் வால்வெள்ளி தொங்க வேண்டும். டெனிஷ்காரர் மெழுகுதிரியோடும் ஒரு மரத்தோடும் நிறுத்திக்கொள்வார்கள். எங்களுக்கு அது காணாது. அந்த வருடம் தோரணம் நீளம், நடுவில் தொய்ந்தது. தொய்கிற இடத்தில் பிடித்துக் கட்ட ஏதாவது வேண்டும். சரியாக அந்த இடத்தில் கப்பல் தொங்கியது.

ஏணியில் நின்றது என் மனுசன். பிராண்டேயில் காற்றாலை இறக்கை செய்கிற தொழிற்சாலையில் வேலை. உயரத்துக்குப் பயமில்லாதவர்.

"இஞ்சாரும், இந்தப் பின் கம்பத்தில ஒரு சுத்துச் சுத்தினால் காணும். கப்பலுக்கென்ன, ஆண்டவரே கட்டச் சொல்லித் தொங்கவிட்ட மாதிரி இருக்கு" என்றார்.

கீழே நின்ற நாங்கள் எல்லோரும் சிரித்தோம். வால்வெள்ளியை நான்தான் எட்டிக் கொடுத்தேன். ஒருவருக்கும் அது பிழையாகத் தெரியவில்லை. பார்க்க உண்மையாகவே வடிவாயிருந்தது.

ஜனவரியில் தோரணத்தைக் கழற்றும்போது யாரோ வாசற்பக்கம் நின்று நூலை ஒரு இழுவை இழுத்தார்கள். பின் கம்பம் முறிந்து சரிந்தது. சரிந்த வேகத்தில் கொடிக் குச்சியும் கழன்று விழுந்தது. சின்னச் சத்தம்தான். ஆனால் எல்லோருக்கும் கேட்டது.

அடுத்த வாரம் டெனிஷ்காரரின் திருச்சபைக் குழுவின் தலைவி எங்கள் பாஸ்டரிடம் நேரில் வந்தார். எங்கள் பாஸ்டர் கிழமை நாட்களில் பஸ் ஓட்டுகிறவர், சபையில் யார் மேலும் கோபிக்கத் தெரியாதவர். தலைவியும் மரியாதையாகத்தான் சொன்னாராம். கப்பலைச் செய்தவருடைய பேரன் குழுவில் இருக்கிறார், அவர் மிகவும் மனம் நொந்துபோனார், வசந்தகாலக் கூட்டத்துக்கு முன் கப்பல் பழையபடி இருக்க வேண்டும், அந்தக் கூட்டத்திலேயே ஞாயிறு மத்தியானத்தை உங்களுக்குத் தொடர்ந்து தருவதா என்றும் பேசுவோம் என்றார்.

அந்தப் பேரன் யார் என்று எங்கள் எல்லோருக்கும் தெரியும். எழுபது தாண்டிய மனிதர். லொறி ஓட்டி ஓய்வு பெற்றவர். ஆராதனை முடிந்து தேவாலயத்துப் பக்கத்து மண்டபத்தில் நாங்கள் சமைத்துச் சாப்பிட்ட பிறகு, கறி மணம் போக யன்னல்களை ஒவ்வொன்றாகத் திறந்து வைப்பார். ஒன்றும் சொல்லமாட்டார். யன்னலைத் திறப்பார், அவ்வளவுதான்.

என் மனுசன் அதன் பிறகு இரண்டு ஞாயிறு தேவாலயத்துக்கு வரவில்லை. "நான் கட்டின கயிறு. எல்லாரையும் திரும்பக் கூடைப்பந்து வளையத்துக்குக் கீழ நிப்பாட்டப் போறன்" என்றார். பகிடியாகத்தான் சொன்னார். ஆனால் சாப்பாட்டைப் பாதியில் வைத்துவிட்டு எழும்பினார்.

மூன்றாவது ஞாயிறு நான் பாஸ்டரிடம் போய், கம்பத்தை இவர் செய்வார், கொடியை நான் பார்க்கிறேன் என்றேன். நானாகப் போய் ஒரு காரியத்தைக் கேட்டது அந்தச் சபையில் அதுதான் முதல்தடவை. பாஸ்டர் என்னை ஒருமாதிரிப் பார்த்தார். பிறகு, "ஓம் அக்கா, செய்யுங்கோ" என்றார்.

தேவாலயத்தைப் பராமரிக்கிறவர் கப்பலைக் கீழே இறக்கி, பக்கத்து மண்டபத்தில் மேசைமேல் வைத்துத் தந்தார். நானும் இவரும் மகளும் போனோம். கிட்டப் பார்க்க வேறு கப்பல் மாதிரி இருந்தது. கைப்பிடிக் கம்பிகூட மெல்லிய கம்பியால் முறுக்கிச் செய்திருந்தது. பின்பக்கத்தில் பழைய வளைந்த எழுத்தில் ஒரு பேர். மகள் தலையைச் சரித்து வாசித்தாள். வைசன்பூர்க்.

அவள் போனில் தேடிக்கொண்டிருக்க, இவர் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு கப்பலைச் சுற்றி நடந்தார். திடீரென்று நின்றார்.

"இஞ்சாரும். இங்க வாரும்."

"என்ன?"

"நடுவில இருக்கிற ரெண்டு பீரங்கியையும் பாரும். முன்னுக்கும் பின்னுக்கும் நீளம். நடுவில கட்டை. ஐயோ, இதையும் நாங்களே முறிச்சது?"

நான் குனிந்து பார்த்தேன். உண்மைதான். நடுச் சோடி மற்றவற்றைவிடக் கட்டை. இவர் அடுத்த நாளே அளவான பித்தளைக் குழாய் தேடி, வெட்டி, அராவிக்கொண்டு வந்துவிட்டார். ஒட்டுவதற்குப் பசையையும் குழைத்துவிட்டார். அந்த நேரம் மகள் போனோடு ஓடிவந்து கையைப் பிடித்தாள்.

"அப்பா, ஒட்டாதீங்கோ! கப்பலே அப்படித்தான்!"

டெனிஷில் படபடவென்று சொன்னாள். நான் விளங்கிக்கொண்டதைச் சொல்கிறேன். அந்தக் கப்பல் ஜெர்மன் கடற்படை முதன்முதலில் கட்டிய பெரிய போர்க்கப்பல்கள் நாலில் ஒன்று. நடுவில் இடம் போதாமல், பீரங்கி திரும்பும்போது மேல்கட்டிடத்தில் இடிபடாமல் இருக்க அந்தச் சோடியைக் கட்டையாகச் செய்தார்கள். நாலுக்கும் அப்படித்தான். கப்பல் செய்தவருக்கு அது தெரிந்திருக்கிறது. பார்த்தவர் போலச் செய்திருக்கிறார்.

"எங்கட அப்பா ஜெர்மன்காரன்ர கப்பலைத் திருத்தப் பாத்தவர்" என்று மகள் இப்போதும் சொல்லுவாள். இவர் அந்தக் குழாய்த் துண்டுகளை எறியவில்லை. சாவி வைக்கிற தட்டில் கிடக்கின்றன.

மகள் மேலும் வாசித்துச் சொன்னாள். சில வருடங்களில் இன்னும் பெரிய, புதுவகைக் கப்பல்கள் வந்துவிட்டன. இந்த நாலும் பழசாகிவிட்டன. முதலாம் உலகப் போருக்குச் சில வருடங்களுக்கு முன், ஜெர்மனி இரண்டைத் துருக்கிக்கு விற்றது. அதில் ஒன்று இந்த வைசன்பூர்க். அங்கே அதற்குத் துர்குத் ரெய்ஸ் என்று பேர் வைத்தார்கள். கூடப்போன மற்றக் கப்பலை உலகப் போரில் நீர்மூழ்கி ஒன்று தாழ்த்தியது. இது தாழவில்லை. பீரங்கிகளில் சிலதைக் கழற்றிக் கரையில் வைத்தார்கள். பிறகு பயிற்சிக் கப்பலானது, கடைசியில் கட்டிவைத்து மாலுமிகள் தங்குகிற இடமாக்கினார்கள், அதன் பிறகுதான் உடைத்தார்கள். ஜெர்மன் பேரோடு இருந்ததைவிடத் துருக்கிப் பேரோடுதான் அது கனகாலம் இருந்தது.

இதைக் கேட்டபோது நான் என் வயதைக் கணக்குப் போட்டுப் பார்த்தேன். நானும் அப்படித்தான். இங்கேதான் கூடக் காலம்.

இன்னொன்றும் சொன்னாள். ஜெர்மனிக்காரனிடம் இருந்த காலத்தில் அந்த நாலு கப்பலும் ஒருமுறை சீனாவுக்குப் போயிருக்கின்றன. போகிற வழியில் கொழும்பில் நின்றிருக்கின்றன.

"கொழும்பிலயா?" என்று இவர் கேட்டார்.

"ஓம் அப்பா. கொழும்பு."

நாங்கள் மூன்று பேரும் கப்பலைப் பார்த்தோம். கொழும்புத் துறைமுகத்தில் அதற்கு யார் கரிக்கூடை சுமந்தார்களோ. அவர்களுடைய பேரப்பிள்ளைகள் இப்போது எங்கே இருக்கிறார்களோ. அதற்குப் பிறகு எனக்கு அந்தச் சாம்பல் நிறத்தில் இருந்த பயம் கொஞ்சம் குறைந்தது. ஏன் என்று எனக்கே சொல்லத் தெரியாது.

கம்பத்தை இவர் நல்ல மரக்குச்சியில் சீவிச் செய்துவிட்டார். இனிக் கொடி. அதைச் சமையலறைப் பேப்பரில் சுற்றி வீட்டுக்குக் கொண்டுவந்தேன். உள்ளங்கையளவு. ஓரத்தைக் கையால் மடித்து, பின்தையல் போட்டிருந்தது. நான் தைப்பில் வாழ்ந்தவள். தையலைப் பார்த்தால் கை எப்படிப்பட்டது என்று கொஞ்சம் தெரியும். பெரிய கை, ஊசியை இறுக்கிப் பிடித்த கை. ஒவ்வொரு தையலும் தேவைக்கு மிஞ்சி இறுக்கம்.

எங்கள் சபையில் எல்லோரும் அதை டெனிஷ் கொடி என்றுதான் நினைத்திருந்தோம். சிவப்பு, நடுவில் வெள்ளையாய் ஏதோ. டெனிஷ் தேவாலயத்தில் சிவப்பில் வெள்ளை என்றால் சிலுவைதான், வேறென்ன. டெனிஷ்காரரும் அப்படித்தான் நினைத்திருந்தார்கள்.

வேலை இல்லாத ஒரு காலையில் வெதுவெதுப்பான தண்ணீரில் குழந்தை சம்பூ ஒரு துளி விட்டு, கொடியைப் போட்டுக் கசக்காமல் ஊறவிட்டேன். தண்ணீர் தேத்தண்ணி நிறமானது. மாற்றினேன். திரும்பவும் தேத்தண்ணி. எத்தனை பேருடைய மெழுகுதிரிப் புகையோ. கடைசியில் தண்ணீர் தெளிந்தது. துணியை வெள்ளைத் துவாயில் விரித்தேன்.

சிலுவை இல்லை. பிறையும் ஒரு நட்சத்திரமும்.

கொஞ்ச நேரம் நின்றபடியே பார்த்துக்கொண்டிருந்தேன். பிறகு இவருக்குப் போன் எடுத்தேன். வேலை நேரத்தில் நான் போன் எடுக்கிறதில்லை.

"என்னப்பா, ஆருக்கு என்ன?"

"ஒருத்தருக்கும் ஒண்டுமில்லை. கொடியில பிறை இருக்கு."

"என்ன பிறை?"

"துருக்கிக் கொடியப்பா. இவ்வளவு நாளும் துருக்கிக் கொடிதான் தொங்கியிருக்கு."

பின்னால் இயந்திரச் சத்தம் கேட்டது. பிறகு, "அந்தக் கிழவன் எங்களைக் கொல்லப்போறார்" என்றார்.

வீட்டுக்கு வந்ததும் கொடியைப் பார்த்துவிட்டு மேசையைச் சுற்றி நடந்தார். "நாங்கள் மாத்தி வச்சது எண்டுதான் சொல்லுவினம். கம்பத்தையும் முறிச்சு, டெனிஷ் கொடியையும் எடுத்துப்போட்டு, பிறை வச்ச கொடியைக் கொண்டுவந்து நீட்டினால் ஆர் நம்புவினம்? இஞ்சாரும், உமக்கு ஒரு டெனிஷ் கொடி தைக்க எவ்வளவு நேரம் செல்லும்?"

"அரை மணித்தியாலம்."

"பிறகென்ன? சிவப்பில வெள்ளைச் சிலுவை. மேல தூக்கிக் கட்டினால் ஆருக்குத் தெரியும்? எல்லாரும் இவ்வளவு காலமும் பாத்ததையே பாக்கப்போகினம்."

அவர் சொன்னதில் பிழை ஒன்றும் இல்லை. என்னிடம் சிவப்புத் துணியும் இருந்தது, வெள்ளைத் துணியும் இருந்தது. வெட்டக்கூட எடுத்தேன். ஆனால் பக்கத்தில் துவாயில் அந்தப் பழைய கொடி கிடந்தது. அந்த இறுக்கமான தையல். பிறையின் உள்வளைவைச் சுற்றித் துணி சுருங்காமல் தைப்பது சுலபம் இல்லை. அந்த மனிதர் அதற்கு எவ்வளவு பாடுபட்டிருப்பார் என்று எனக்குத் தெரிந்தது. கத்தரிக்கோலை வைத்துவிட்டேன்.

"நான் அந்தப் பேரனிட்டக் கொண்டுபோய்க் காட்டப்போறன்" என்றேன்.

"நீரா?" என்றார் இவர். அந்த ஒரு சொல்லில் எங்கள் கல்யாண காலம் முழுக்க இருந்தது.

"ஓம். நீங்கள் காரில இருங்கோ."

போகிற வழியெல்லாம் டெனிஷில் சொல்ல வேண்டியதை வாய்க்குள் சொல்லிப் பார்த்தேன். அவர் கதவைத் திறந்ததும் எல்லாம் மறந்துபோனது. துவாயை நீட்டினேன். அவர் வாங்காமல் என் முகத்தைப் பார்த்தார். பிறகு உள்ளே வரச் சொல்லிக் கோப்பி போட்டார். டெனிஷில் எல்லோருக்கும் ஒரே 'நீ'தான். எனக்குத் தமிழில் அப்படி எழுதக் கை வரவில்லை, அதனால் 'நீங்கள்' என்றே எழுதுகிறேன்.

மேசையில் துவாயை விரித்தேன். "நான் கழுவினேன். கழுவினதைத் தவிர வேறு ஒன்றும் செய்யவில்லை" என்றேன்.

அவர் கண்ணாடியை எடுத்துப் போட்டார். குனிந்தார். பிறையின்மேல் விரலை வைத்தார். யன்னல் பூட்டியிருந்தது. எனக்கு அது ஒரு ஆறுதலாக இருந்தது, ஏனென்று தெரியாது.

"அப்பா என்னிடம் இது டெனிஷ் கொடி என்றார்" என்றார் கடைசியில். "ஞாயிறுப் பள்ளிப் பிள்ளைகளுக்கு நான் எத்தனை தரம் சொல்லியிருப்பேன். ஜெர்மன் கப்பலிலேயே எங்கள் தாத்தா டெனிஷ் கொடியைக் கட்டிவிட்டார் என்று சொல்லியிருப்பேன். பிள்ளைகள் கை தட்டுவார்கள்."

பிறகு அவராகவே சொன்னார். தாத்தா தெற்கு ஜுட்லாண்ட்காரர். அந்த நாளில் அந்தப் பகுதி ஜெர்மனியிடம் இருந்தது. வீட்டில் டெனிஷ் பேசுகிற பொடியன், ஆனால் ஜெர்மன் கடற்படைக்குப் போகத்தான் வேண்டும். கப்பலின் அடியில் கரி வாரிப் போடுகிற வேலை. கப்பலை விற்றபோது, அதைத் துருக்கிவரை ஓட்டிக்கொண்டுபோய்க் கொடுக்க அனுப்பியவர்களில் அவரும் ஒருவர். திரும்பி றெயினில் வந்தார். பிறகு இங்கே நெசவு ஆலையில் வேலைக்குச் சேர்ந்து, ஓய்வு நேரத்தில் இந்தக் கப்பலைச் செய்தார். அதைப் பற்றி ஒருநாளும் கதைத்ததில்லையாம்.

"கேட்டால், 'வெக்கையாயிருந்தது' என்று மட்டும் சொல்வாராம்" என்றார்.

எனக்குச் சிரிப்பு வந்தது. அவருக்கும் கொஞ்சம் வந்தது.

எனக்குள் ஒரு கேள்வி இருந்தது. கேட்பதா விடுவதா என்று கோப்பிக் கோப்பையைச் சுற்றிக்கொண்டிருந்தேன். பிறகு கேட்டேன். "கொடி துருக்கிக் கொடி. ஆனால் பின்னுக்குப் பேர் ஜெர்மன் பேர். இரண்டும் ஒன்றாய் எப்ப இருந்தது?"

அவர் நிமிர்ந்து பார்த்தார். நான் ஏதோ பிழையாய்க் கேட்டுவிட்டேன் என்று பயந்தேன். அவர் எழும்பி யன்னலடிக்குப் போய் நின்றார்.

"கையளித்த நாளில்" என்றார். "கொடியை உடனே மாற்றிவிடலாம். இரும்பில் பதித்த எழுத்தைக் கழற்ற நேரம் எடுக்கும். அந்த ஒருநாள், இல்லாவிட்டால் இரண்டு நாள்." கொஞ்சம் நின்று, "படகில் இறங்கித் திரும்பிப் பார்த்திருப்பார். அவர் கடைசியாய்ப் பார்த்தது இதைத்தான்" என்றார்.

கொடியின் ஓரம் மடிந்திருந்தது, விரலால் நீவிவிட்டேன்.

அவர் திரும்பி வந்து இருந்தார். என்னைப் பார்த்துக் கொஞ்சம் இளகிய குரலில், "உங்களுக்கும் அப்படித்தானே. கொடி மாறியது" என்றார். அவர் அன்பாய்த்தான் சொன்னார். ஆனாலும் எனக்கு அது சரியாகப் படவில்லை.

"இல்லை" என்றேன். "கப்பலை விற்றார்கள். நான் வந்தனான்."

என் டெனிஷில் அவ்வளவுதான் வந்தது. அவர் தலையை ஆட்டினார், விளங்கியது என்றா, சும்மா சரி என்றா தெரியவில்லை. கொடி இங்கேயே இருக்கட்டும், கூட்டத்துக்கு நானே கொண்டுவருகிறேன் என்றார். ஒன்றும் விளங்காமல் வெளியே வந்தேன். காரில் இவர், "என்னவாம்?" என்று கேட்டார். "கோப்பி தந்தவர்" என்றேன்.

கூட்டத்துக்கு எங்கள் சபையிலிருந்து பாஸ்டரும், இவரும், நானும் போனோம். மேசையில் கப்பல். புதுக் கம்பம் பழையதோடு சேர்ந்துவிட்டது, வித்தியாசம் தெரியவில்லை. நான் கதவடியில் இருந்தேன். பேரன் முன்னுக்கு வந்து, சட்டைப்பையிலிருந்து கைலேஞ்சியில் சுற்றியிருந்த கொடியை எடுத்து, கப்பலுக்குப் பக்கத்தில் விரித்துவைத்தார். இதுதான் தாத்தா கட்டிய கொடி, இத்தனை வருடமும் நான் பிழையாகச் சொல்லி வந்தேன் என்றார்.

மண்டபம் சலசலத்தது. குழுவில் ஒருவர், பிறை போட்ட கொடி தேவாலயத்துக்குள் எப்படித் தொங்கும் என்று கேட்டார். பக்கத்தில் இருந்த ஒரு அம்மா, "இவ்வளவு காலமும் தொங்கியதுதானே, கூரை இடிந்தா விழுந்தது?" என்றார். சிலர் சிரித்தார்கள். இன்னொருவர், புதிதாய் ஒரு டெனிஷ் கொடி கட்டினால் ஒருவருக்கும் பிரச்சினை இல்லையே என்றார். என் மனுசன் என்னை முழங்கையால் மெல்ல இடித்தார்.

பேரன் கேட்டுக்கொண்டு நின்றார். பிறகு, "தாத்தா உயிரோடு திரும்பியதற்கு நன்றி சொன்னது இந்தக் கப்பலை வைத்துத்தான். எந்தக் கொடிக்குக் கீழே நின்று நன்றி சொன்னார் என்பதை நாங்கள் திருத்த முடியாது" என்றார். அவ்வளவு நீளமாக அவர் பேசியதை அன்றுதான் கேட்டேன்.

தலைவி, இனி மற்றது, ஞாயிறு மத்தியானம் என்றார். பாஸ்டர் நிமிர்ந்து இருந்தார். இவர் கையைத் தொடைக்குக் கீழே வைத்துக்கொண்டார்.

பேரன்தான் திரும்பவும் பேசினார். "கப்பலில் கயிறு கட்டக்கூடாது. ஒருநாளும். கடதாசி, வால்வெள்ளி, ஒன்றும் வேண்டாம்." எங்கள் பக்கம் பார்த்தார். "ஆனால் அவர்கள் கயிறு கட்டியிருக்காவிட்டால் இந்தக் கொடியை இன்னும் எழுபது வருடத்துக்கு ஒருவரும் கழுவியிருக்கமாட்டோம். வரட்டும். நான் யன்னலைத் திறந்துகொள்கிறேன்."

கையை உயர்த்தச் சொன்னார்கள். ஒருவரைத் தவிர எல்லோரும் உயர்த்தினார்கள். உயர்த்தாதவர் பிறையைப் பற்றிக் கேட்டவர். கூட்டம் முடிந்ததும் அவரும் வந்து இவருக்குக் கை கொடுத்துவிட்டுத்தான் போனார்.

கொடியைக் குச்சியோடு சேர்த்துத் தைக்க வேண்டியிருந்தது. பேரன் என்னைப் பார்த்தார். கைப்பையில் ஊசிநூல் வைத்திருப்பது என் பழைய பழக்கம். எல்லோரும் கோப்பி குடித்துக்கொண்டிருக்க நான் ஒரு மூலையில் இருந்து தைத்தேன். தாத்தா போட்ட ஓட்டைகளிலேயே ஊசியை விட்டேன். அவரளவுக்கு இறுக்கவில்லை. துணி பழசு, தாங்காது. பின்னால் என் மனுசன் பேரனிடம் பித்தளைக் குழாய்க் கதையைச் சொல்லிக்கொண்டிருந்தார். "நான் உங்கட தாத்தாவின் பீரங்கியை நீட்டப் பார்த்தவன்" என்றார். அந்த மனிதர் சத்தமாகச் சிரித்தது எனக்குக் கேட்டது. தைத்து முடியும்வரை நான் நிமிரவில்லை.

சனிக்கிழமை கப்பலைத் திரும்ப மேலே ஏற்றினார்கள். ஏணியில் நின்றது பராமரிப்பாளர். இவர் கீழே நின்று ஏணியைப் பிடித்தார். முன்பக்கம் பலிபீடத்தைப் பார்க்கும்படி திருப்பிவிட்டார்கள். கொடி நல்ல சிவப்பாயிருந்தது. பிறை கீழிருந்தே தெரிந்தது.

மறுநாள் ஞாயிற்றுக்கிழமை. மழை பெய்தது. ஆராதனை வழமைபோல் மத்தியானம் தொடங்கியது. நான் முன்னாலிருந்து மூன்றாவது வாங்கில் இருந்தேன். சாப்பாட்டுக்குப் பிறகு மண்டபத்து யன்னல்களை நாங்களே திறந்துவிட்டோம்.